குறைந்த தவணையும் கூடும் வட்டியும்

கேள்வி: கொழிஞ்சாம்பாறையில் வீடு வாங்க வங்கியில் 25 லட்சம் ரூபாய் கடன் கேட்டிருக்கிறோம். தவணைக் காலத்தை 20 ஆண்டுகளுக்குப் பதில் 30 ஆக்கினால் மாதச் சுமை குறையும் என்கிறார்கள். அப்படிச் செய்யலாமா ஐயா?

— வாசகி, பாலக்காடு மாவட்டம்

பதில்: அம்மா, வருமானம் இடம் கொடுத்தால் 20 ஆண்டுகளையே தேர்ந்தெடுங்கள். வட்டி 8.5 விழுக்காடு என்று வைத்துக்கொண்டால், 20 ஆண்டுக்கு மாதத் தவணை சுமார் 21,700 ரூபாய். 30 ஆண்டுக்குச் சுமார் 19,220. மாதம் 2,500 ரூபாய்கூட மிச்சமாகாத இந்தச் சலுகைக்காக, மொத்த வட்டி ஏறக்குறைய 27 லட்சத்திலிருந்து 44 லட்சமாக உயர்கிறது. 20 ஆண்டுக் கடனிலும் முதல் மாதத் தவணையில் 17,708 ரூபாய் வட்டிக்கே போய், அசலில் கழிவது 4,000 ரூபாய்க்கும் குறைவுதான் என்பதால், கையில் பணம் சேரும்போதெல்லாம் தொடக்க ஆண்டுகளிலேயே அசலில் கட்டிவிடுவது பெரும் பலன் தரும். தனிநபர்கள் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனுக்கு இதற்காக வங்கி அபராதம் வசூலிக்க ரிசர்வ் வங்கி அனுமதிப்பதில்லை.

வட்டி ஏறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டிப்பதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பை வங்கி உங்களுக்குத் தர வேண்டும் என்பது 2023 ஆகஸ்டில் வந்த விதி. கேட்காமல் இருந்துவிட்டால் காலம் நீண்டுகொண்டே போகக்கூடும். ஆகவே எழுத்து மூலம் கேளுங்கள்.

கேரளத்தில் முத்திரைத்தாளுக்கு 8, பதிவுக்கு 2 விழுக்காடு என ஆகும் செலவு பொதுவாகக் கடனில் சேராது. அதை இப்போதே தனியே எடுத்து வையுங்கள்.