ஆயா பொட்டு ஏன் கருப்பு?

கேள்வி: எங்க வீட்டு முகப்புல ஆயாவோட பழைய போட்டோ ஒண்ணு மாட்டியிருக்கோம், அதுல குங்குமப் பொட்டு கரி வச்ச மாதிரி இருக்கும். போன வாரம் பேரன் போன்ல அமெரிக்காவுல கிராண்ட் கேன்யன்ங்கிற பள்ளத்தாக்குல எடுத்த ஊமைப்படம் காட்டுனான், செவப்புப் பாறைன்னு சொல்றாங்க, ஆனா படத்துல ஒரே இருட்டு. ரெண்டுக்கும் சம்பந்தம் உண்டா?
– ஒரு வாசகி, காரைக்குடி

பதில்: உண்டு ஆச்சி, ரெண்டுக்கும் ஒரே கோளாறுதான், அந்தக்கால பிலிமுக்கு செவப்பு கண்ணு தெரியாது. ஆர்த்தோகுரோமேட்டிக்னு பேரு, நீலமும் பச்சையும் பதியும், செவப்பு பதியாது, பிரிண்ட் போட்டா அந்த இடம் கருப்பா வந்துரும். நம்ம ஆத்தங்குடி கல்லுல இருக்க செவப்புப் பூவ அதுல எடுத்திருந்தா அதுவும் கருப்புப் பூதான். நீலமோ ஓவரா பதிஞ்சு வானமே வெள்ளையாயிரும், மேகத்தையெல்லாம் தேடத்தான் வேணும்.

பேரன் காட்டுனது எதுன்னு எழுதல, அனேகமா கோல்ப் பிரதர்ஸ் படமா இருக்கும். எல்ஸ்வொர்த், எமரினு அண்ணன் தம்பி, பள்ளத்தாக்கு விளிம்புல போட்டோ ஸ்டுடியோ வச்சிருந்தவங்க. 1911 செப்டம்பர்ல ரெண்டு படகுல சினிமா கேமராவோட கிளம்பி கிரீன் ரிவர், கொலராடோனு ஆத்தோட போயி 1912 ஜனவரிலதான் கரையேறுனாங்க. அப்ப கிராண்ட் கேன்யன் நேஷனல் பார்க்கே இல்ல, 1919லதான் ஆச்சு. கேமராவுல மோட்டார் கிடையாது, ஒரு செகண்டுக்கு ரெண்டு சுத்து கையால சுத்தணும், அப்பதான் 16 பிரேம், அதாவது 16 தனித்தனிப் படம், ஓடும், நம்ம ஆட்டுக்கல் மாதிரிதான், என்ன, இங்க வேகம் மாறுனா மாவு கொஞ்சம் கரகரப்பாகும், அங்க ஆளு ஓட்டமா ஓடுவான். ஒரு செகண்டுக்கு ஒரு அடி பிலிம் காலி, 1000 அடி ரீல் பதினாறு நிமிஷம் சொச்சம்தான். அதுவும் நைட்ரேட் பிலிம், தீ பட்டா அவ்வளவுதான்.

பாறை கருப்பா தெரிஞ்சா என்ன, எமரி தன் ஸ்டுடியோவுலயே அந்தப் படத்தப் போட்டுக் கத சொல்ல ஆரம்பிச்சாரு, 1976ல தன்னோட 95 வயசுல சாகுற வரைக்கும் அங்க அது ஓடிச்சு. நம்ம டூரிங் டாக்கீஸ்ல நூறு நாள் ஓடுனதுக்கே என்ன அலப்பறை பண்ணோம்!

செவப்பையும் சரியா பிடிக்கிற பான்குரோமேட்டிக் பிலிம் 1920கள்லதான் சினிமாவுல நல்லா பரவுச்சு. அப்பறம் ஒண்ணு, ஆயா போட்டோவ கலர் பண்ணக் குடுக்குறதா இருந்தா பொட்டு செவப்புன்னு மறக்காம சொல்லிருங்க, இல்லன்னா ஸ்டிக்கர் பொட்டுனு நெனச்சு கருப்பாவே விட்டுருவாங்க.