சோபாவில் சரிந்து கிடப்பவர் யார்?

கேள்வி: பூப்போட்ட சட்டையோடு சோபாவில் சரிந்து கிடக்கும் ஒரு சீன நடிகரின் படம் வாட்ஸ்அப்பில் அடிக்கடி வருகிறது. பெரிய நடிகர் என்கிறார்கள். யார் அவர்? எந்தப் படத்திலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

பதில்: அவர் கெ யோவ். 'கெ' குடும்பப் பெயர். சீனர்களுக்கு அதுதான் முன்னால் வரும். 1957இல் பெய்ஜிங்கில் பிறந்தார். அப்பா பேர்பெற்ற வில்லன் நடிகர். ஆனாலும் மகனுக்கு நடிப்புப் பள்ளிகளில் இடம் கிடைக்கவில்லை. நகர இளைஞர்களைக் கிராமங்களுக்கு அனுப்பும் அக்கால வழக்கப்படி அவரும் அனுப்பப்பட்டு, பன்றிப் பண்ணையில் வேலை பார்த்தார். 1979இல் தொழிற்சங்கக் கூட்டமைப்பின் கலைக்குழுத் தேர்வில், பன்றிக்குத் தீனி வைப்பதையே நடித்துக் காட்டி உள்ளே நுழைந்தார்.

நீங்கள் பார்த்த படம் 1993ஆம் ஆண்டுத் தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் வருவது. ஓசிச் சோற்றுக்கு ஒட்டிக்கொள்ளும் ஆளாகக் கொஞ்ச நேரமே வருவார். 2016இல் அது இணையமெங்கும் பரவியது. அனுமதியின்றி விளம்பரத்துக்குப் பயன்படுத்திய நிறுவனங்கள்மீது வழக்குப் போட்டு வென்றிருக்கிறார். கடை விளம்பரத்தில் அதைப் போட்டுவிடாதீர்கள்.

அவருடைய நகைச்சுவைப் படங்களில் தொடங்க வேண்டாம். பெய்ஜிங் பேச்சுவழக்கை நம்பியவை அவை. சப்டைட்டிலில் பாதிச் சுவை போய்விடும். சாங் யீமோ இயக்கிய 'டு லிவ்' (1994) பாருங்கள். கான் விழாவில் சிறந்த நடிகர் விருது வாங்கிய முதல் சீன நடிகர் ஆனது இந்தப் படத்தால்தான். ஆண்டையும் இயக்குநர் பெயரையும் சேர்த்தே தேடுங்கள். இல்லையென்றால் அதே பொருளில் பெயர்கொண்ட, ஜப்பானிய இயக்குநர் குரோசவாவின் 'இகிரு' (1952) வந்து நிற்கும்.

சூதாட்டத்தில் வீட்டைத் தோற்று, பிழைப்புக்கு நிழற்பாவைக் கூத்து ஆடுகிறவராக நடித்திருக்கிறார். வீட்டை ஜெயித்தவனைப் பின்னாளில், கம்யூனிஸ்ட் ஆட்சி வந்தபின், நிலச்சுவான்தார் என்று சுட்டுக் கொல்கிறார்கள். வெடிச்சத்தம் மட்டும் இவர் காதில் விழுகிறது, ஐந்து முறை. கத்தல் இல்லை, அழுகை இல்லை. கால்சட்டை நனைந்துவிடுகிறது. வீடு கைவிட்டுப் போயிருக்காவிட்டால் அந்தக் குண்டுகள் தனக்குத்தான் என்பது அந்த முகத்திலேயே தெரிகிறது. இவ்வளவு குறைவாகச் செய்து இவ்வளவு சொல்கிற நடிகர்கள் அபூர்வம். பாவைகள் வைக்கும் பெட்டியையும் கடைசிவரை கவனியுங்கள்.

அடுத்து 'லெட் த புல்லட்ஸ் ஃப்ளை' (2010). குதிரைகள் இழுக்கும் ரயிலில் இவர் சாப்பிட்டுக்கொண்டிருப்பதில் தொடங்கும். எந்தப் படமானாலும் மாண்டரின் சீன மொழி ஒலியையே வையுங்கள். அந்தச் சலனமில்லாத, இழுத்த குரல்தான் அவருடைய நடிப்பில் பாதி. டப்பிங்கில் அது காணாமல் போய்விடும்.