மிஸ் அமெரிக்கா பெஸ் மையர்சன்: பட்டமும் திரையும்

கேள்வி: 1945இல் மிஸ் அமெரிக்காவாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட பெஸ் மையர்சனைப் பழைய தொலைக்காட்சிப் பதிவுகளில் பார்த்தேன். அழகிப் பட்டம்தான் அவரைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவந்ததா? அங்கே அவருடைய வேலை என்ன?

பதில்: பட்டம் இல்லாவிட்டால் அவர் பெயர் வெளியே தெரிந்திருக்காது என்பது உண்மைதான். ஆனால் அந்தப் பட்டம் கிடைத்த ஆண்டு அவருக்கு மிகவும் கசப்பான ஆண்டு. நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில், ரஷ்யாவிலிருந்து குடியேறிய யூதப் பெற்றோருக்குப் பிறந்து, ஹண்டர் கல்லூரியில் இசை பயின்றவர் அவர். யூதர் என்பது தெரியாதபடி வேறு பெயர் வைத்துக்கொள்ளலாமே என்று போட்டியின் இயக்குநர் லெனோரா ஸ்லாட்டர் சொன்னபோது உறுதியாக மறுத்துவிட்டு, அட்லாண்டிக் சிட்டி மேடையில் புல்லாங்குழலும் பியானோவும் வாசித்துப் பட்டத்தை வென்றார். யூதப் பெண் ஒருவர் மிஸ் அமெரிக்கா ஆனது அதுவே முதல் முறை. நாஜி முகாம்களின் கொடூரம் உலகுக்குத் தெரியவந்த அதே ஆண்டில், யூதர்களை அனுமதிக்காத விடுதிகளின் வாசலில் அவர் நிற்க நேர்ந்தது. விளம்பர நிறுவனங்களும் ஒதுங்கிக்கொண்டன. வெற்றிச் சுற்றுப்பயணத்தைப் பாதியில் விட்டுவிட்டு, இனவெறுப்புக்கு எதிராகப் பள்ளிகளில் பேசக் கிளம்பினார். அவருடைய பொதுவாழ்க்கை தொடங்கியது இங்கேதான் என்பது என் உறுதியான கருத்து.

தொலைக்காட்சி முதலில் அவருடைய தோற்றத்தைத்தான் பயன்படுத்திக்கொண்டது. 1951இல் தொடங்கிய ‘தி பிக் பேஆஃப்’ நிகழ்ச்சியில், தம் வீட்டுப் பெண்களுக்குப் பரிசு வெல்ல ஆண்கள் கேள்விகளுக்கு விடை சொல்வார்கள். பெரும் பரிசான மிங்க் ரோமக் கோட்டை அணிந்து காட்டுவது மையர்சனின் பொறுப்பு. இசையில் பட்டம் பெற்றவருக்கு இது எவ்வளவு சிறிய வேலை! 1958இல் ‘ஐவ் காட் எ சீக்ரெட்’ நிகழ்ச்சியில் கேள்வி கேட்கும் குழுவில் சேர்ந்த பிறகே நிலைமை மாறியது. விருந்தினர் தம் ரகசியத்தைத் தொகுப்பாளர் காதில் சொல்வார். அது பார்வையாளருக்குத் திரையில் எழுத்தாகத் தெரியும். குழுவினரோ கேள்வி மேல் கேள்வி கேட்டுத்தான் அதைக் கண்டுபிடிக்க வேண்டும். கேள்வி கூர்மையாக இல்லாவிட்டால் அங்கே அழகு கைகொடுக்காது. அந்த இருக்கையில் அவர் 1967 வரை நீடித்தார். 1954இல் மிஸ் அமெரிக்கா போட்டி முதன்முதலாக ஒளிபரப்பானது முதல் 1968 வரை அதன் வர்ணனையிலும் பங்கேற்றார்.

கேள்வி: பிற்பாடு அவர் அரசுப் பொறுப்பு வகித்ததற்குத் தொலைக்காட்சிப் புகழ் மட்டும்தான் காரணமா?

பதில்: புகழ் துணைநின்றது, ஆனால் அதை மட்டும் வைத்துக்கொண்டு அந்தப் பதவியில் காலம் தள்ளியிருக்க முடியாது. 1969இல் மேயர் ஜான் லிண்ட்சே அவரை நியூயார்க் நகரின் நுகர்வோர் நலத்துறை ஆணையராக நியமித்தார். 1973 வரை அப்பொறுப்பில் இருந்து, ஏமாற்று வணிகத்துக்கு எதிரான நகரச் சட்டத்தைச் செயல்படுத்தினார். கடைகளில் பொருளின் ஓர் அலகு எடைக்கோ அளவுக்கோ என்ன விலை என்பதை எழுதிவைக்கச் செய்ய அவர் எடுத்த முயற்சி, அன்றாடம் சாமான் வாங்கும் பெண்களுக்கு நேரடியாகப் பயன் தந்தது. 1980இல் செனட் வேட்பாளராகும் முயற்சியில் தோற்றார். பின்னர் அவர்மீது தொடரப்பட்ட லஞ்ச வழக்கில் 1988இல் குற்றமற்றவர் என்று தீர்ப்பு வந்தது. ஆனாலும் அந்த வழக்கோடு அவருடைய பொதுவாழ்க்கை முடிந்துபோனது.