கேளுங்க, சொல்றோம்: மஞ்சள் டிரெஸ் போட்ட கொரியாக்காரர்

கேள்வி: போன வாரம் 'கேம் ஆஃப் டெத்' படத்த மறுபடி பாத்தேன். கொஞ்ச நேரம் ப்ரூஸ் லீ மாதிரியே இருக்கு, கொஞ்ச நேரம் வேற யாரோ மாதிரி இருக்கு. என் மச்சான் படம் பூரா டூப்புதான்னு அடிச்சு சொல்றான். எது நிஜம்? (ஒரு வாசகர், விருதுநகர்)

பதில்: உங்க கண்ணு ஏமாத்தலங்க, மச்சான் சொல்றதுலயும் முக்காவாசி நிஜம் இருக்கு. ப்ரூஸ் லீ 1972ல மஞ்சள் டிரெஸ் போட்டு, ஒரு கோபுரத்துல மாடிக்கு மாடி ஒரு ஆளோட மோதற சண்டைங்கள மட்டும் எடுத்து வச்சாரு, நடுவுல 'என்டர் தி டிராகன்' பட வாய்ப்பு வந்ததும் இத அப்படியே நிறுத்திட்டு அங்க போயிட்டாரு, அது ரிலீஸ் ஆகறதுக்குள்ள 1973 ஜூலை 20 ஹாங்காங்ல போய் சேந்துட்டாரு, வயசு 32 தான். 5 வருஷம் கழிச்சு கோல்டன் ஹார்வெஸ்ட் கம்பெனி கதையவே மாத்தி, ராபர்ட் க்ளவுஸ் டைரக்‌ஷன்ல மிச்சத்த எடுத்து 1978ல விட்டாங்க. இந்தப் படத்துக்குன்னு ப்ரூஸ் லீ எடுத்ததுல உள்ள வந்தது சுமாரா 11 நிமிஷம். மீதிக்கு பழைய படத்துல இருந்து வெட்டி ஒட்டுன க்ளோஸப்பும் டூப்பும்தான்.

அந்தரத்துல பல்டி அடிக்கற ஷாட்டுக்கு யுவன் பியாவ். சண்டைக்கு கிம் டாய்-சுங், டேக்வாண்டோ தெரிஞ்ச கொரியாக்காரர். இவரப் பத்தி எழுத எனக்கு ரொம்ப நாளா ஆசை.

கதையில ஹீரோ பில்லி லோ ஒரு சினிமா நடிகன், ஷூட்டிங்ல அவன் மூஞ்சில சுட்டுடறாங்க, ஆபரேஷன் பண்ணிட்டு செத்துட்ட மாதிரி நடிச்சு பழி வாங்க வரான். டூப்போட மூஞ்சிய மறைக்கறதுக்காகவே கட்டுன கதை அது. அதனாலதான் அவ்ளோ பெரிய கூலிங் கிளாஸ், ஒட்டு தாடி, ஹெல்மெட் எல்லாம். கண்ணாடி முன்னாடி ஹீரோ உக்காந்திருக்கற ஒரு ஷாட் வரும் பாருங்க, அதுல ப்ரூஸ் லீ போட்டோவ தலை மட்டும் வெட்டி கண்ணாடி மேலயே ஒட்டிருப்பாங்க, கழுத்து ஒரு பக்கம் இருக்கும் தலை ஒரு பக்கம் இருக்கும். அவரோட நிஜ சவ ஊர்வலத்தையும் கதைக்குள்ள சேத்துட்டாங்க, அது எனக்கு இன்னிக்கும் மனசுக்கு ஒப்பல.

ஆனா லாக்கர் ரூம்ல கராத்தே வீரர் பாப் வால் கூட ஒரு சண்டை இருக்கு, ஸ்டன்ட் அமைச்சது சாமோ ஹங். அது கிம்தான். உடம்ப பின்னாடி சாய்ச்சு உதைக்கற விதம், கை திரும்பி வர்ற வேகம், எல்லாம் சுத்தமா இருக்கும். கேமரா மட்டும் அவர் முகத்துக்கு வராம முதுகுப் பக்கமாவே சுத்திட்டிருக்கும், ஒரு ஃபைட்டருக்கு அத விட பெரிய தண்டனை என்ன இருக்கு சொல்லுங்க.

கேள்வி: அப்ப அவருக்கு சொந்த மூஞ்சியோட ஒரு படம் கூட கிடைக்கலயா? (அதே வாசகர்)

பதில்: கிடைச்சுது, அதுவும் பாதி வழியிலதான். 1981ல 'டவர் ஆஃப் டெத்', சில ஊர்ல 'கேம் ஆஃப் டெத் 2'னு பேரு, டைரக்டர் ங் சீ-யுவன். முதல் பாதியில ப்ரூஸ் லீயோட பழைய மிச்ச துண்டுங்கள வச்சு ஓட்டுவாங்க, நடுவுல அந்த பில்லி லோ செத்துடுவான், அதுக்கப்பறம் பழி வாங்க தம்பி பாபி லோ வருவான். அந்த பாபிதான் கிம், கண்ணாடியும் இல்ல தாடியும் இல்ல. நடுவுல சிங்கத் தோல மாட்டிக்கிட்டு ஒருத்தன் சண்டைக்கு வர்ற சீன் எல்லாம் பட்ஜெட்ட காட்டிக் குடுத்துடும், அத விடுங்க. கடைசியில பூமிக்கு அடியில கட்டுன கோபுரத்துல ஹ்வாங் ஜாங்-லீ கூட மோதுவார் பாருங்க, அதுதான் படம். ஹ்வாங்கும் கொரியாக்காரர்தான், 1978ல 'டிரங்கன் மாஸ்டர்'ல ஜாக்கி சானோட மோதற வில்லன். ரெண்டு பேர் காலும் மேல போனா இறங்காது. எனக்கு கிம் நடிச்சதுலயே பிடிச்சது இதுதான், ஏன்னா அடி வாங்கறப்ப அவர் மூஞ்சி சுளிக்கறத மொத தடவ பாக்கறோம்.

இதுல இன்னொண்ணு. போஸ்டர்ல அவருக்கு வச்ச பேரு டாங் லுங். 1972ல வந்த 'வே ஆஃப் தி டிராகன்'ல ப்ரூஸ் லீ நடிச்ச கேரக்டரோட பேரு அது. மூஞ்சி வெளிய வந்தும் பேரு அடுத்தவர் பேராவே நின்னுருச்சு.

கேள்வி: அந்தக் காலத்துல ப்ரூஸ் லி, ப்ரூஸ் லே, டிராகன் லீனு ஏகப்பட்ட போலி இருந்தாங்களே, இவரும் அந்த லிஸ்ட்டுதானா? (கல்லூரி மாணவி, திருச்சி)

பதில்: நானும் முன்னாடி அப்படித்தான் நினைச்சேன், இப்ப நினைக்கல. ப்ரூஸ் லி தைவான்காரர், ப்ரூஸ் லே பர்மாவுல பொறந்தவர், டிராகன் லீ கொரியாக்காரர். ப்ரூஸ் லீ செத்ததும் அவர் மூக்கு தேய்க்கறது, கத்தறது எல்லாத்தையும் செய்யச் சொல்லி சின்ன கம்பெனிங்க இவங்கள வச்சு வரிசையா படம் எடுத்துத் தள்ளுனாங்க, அதுல ஒண்ணுல ப்ரூஸ் லீ உடம்பு செல்ல எடுத்து ஒரு விஞ்ஞானி மூணு ப்ரூஸ் லீய உண்டாக்கறான். கிம்மையும் அதே ஆசையிலதான் கூட்டிட்டு வந்தாங்க, இல்லங்கல. ஆனா கிம்ம கூப்பிட்டது ப்ரூஸ் லீ வேல பாத்த அதே கோல்டன் ஹார்வெஸ்ட் கம்பெனி, ப்ரூஸ் லீ பாதியில விட்ட படத்த முடிக்க.

கொரியாக்காரங்க ஏன் இவ்ளோ பேருன்னு கேப்பீங்க. ஹாங்காங் படத்துல கை சண்டைதான் ஜாஸ்தி, உயர உதைக்கற ஆளுக்கு கொரியா பக்கம் போனாங்க. ஹாப்கிடோங்கற கொரியா சண்டைக் கலையில மாஸ்டர் ஜி ஹான்-ஜே, அவர் கிட்ட நடிகை ஏஞ்சலா மாவ், சாமோ ஹங் எல்லாம் கத்துக்கிட்டாங்க, கேம் ஆஃப் டெத் கோபுரத்துல ப்ரூஸ் லீ கூட மோதற ஒருத்தரும் அவர்தான்.

கேள்வி: அதுக்கப்பறம் அவர் என்ன ஆனாரு? (ஒரு வாசகர், நாகர்கோவில்)

பதில்: 1986ல அமெரிக்காவுல வந்த 'நோ ரிட்ரீட், நோ சரண்டர்'. சின்ன பட்ஜெட், கோரி யுவன் டைரக்‌ஷன், ரஷ்ய வில்லனா வான் டாம், அப்ப அவர யாருக்கும் தெரியாது. சியாட்டில்ல இருக்கற ஒரு பையனுக்கு ப்ரூஸ் லீயோட ஆவி வந்து பயிற்சி குடுக்கும், அந்த ஆவியா வந்தது கிம். ப்ரூஸ் லீ சமாதி சியாட்டில்லதான் இருக்கு, கதைக்கு அது பொருந்திப் போச்சு. மொதல்ல டூப்பு, அப்பறம் தம்பி, கடைசியில ஆவி. அதோட சினிமாவ விட்டுட்டு பிசினஸ் பண்ணப் போயிட்டாரு, 2011 ஆகஸ்ட்ல கொரியாவுல காலமானாரு. அடுத்த தடவ கேம் ஆஃப் டெத் பாத்தீங்கன்னா அந்த லாக்கர் ரூம் சண்டைய மட்டும் நிறுத்தி நிறுத்தி பாருங்க, ஒரு செகண்ட் தலை திரும்பறப்ப மூஞ்சி தெரிஞ்சிடும், அவர்தான்.