ஊர்வலத்தில் வருகிறவர்கள் கேமராவைப் பார்க்கலாமா?

அன்புள்ள ஐயா,

பழைய ஊர்வலப் படங்களைப் பற்றிய உங்கள் கட்டுரையைப் படித்துவிட்டு, இங்கிலாந்தின் ஆரம்பகாலப் படப்பிடிப்பாளர்களான மிட்செல்லும் கென்யனும் 1901-ல் எடுத்த மான்செஸ்டர் ஊர்வலப் படங்களைப் பார்த்தேன். ஏமாற்றம்தான். ஆட்கள் குடுகுடுவென்று வந்துகொண்டே இருக்கிறார்கள். பாதிப்பேர் கேமராவையே முறைத்துப் பார்க்கிறார்கள். இதெல்லாம் ஆவணப்படமா?

ச.

அன்புள்ள ச.,

அவர்கள் கேமராவைப் பார்க்க வேண்டும் என்றுதான் அந்தப் படங்களையே எடுத்தார்கள். இங்கிலாந்தின் பிளாக்பர்ன் ஊர்க்காரர்களான சாகர் மிட்செல், ஜேம்ஸ் கென்யன் இருவரிடமும் படம் எடுக்கச் சொன்னவர்களில் பலர், ஊர் ஊராகத் திருவிழாச் சந்தைகளில் படம் ஓட்டிப் பிழைத்தவர்கள். பகலில் ஊர்வலத்தை எடுத்து, முடிந்தால் அன்றிரவே அதே ஊரில் போட்டுக் காட்டுவார்கள். திரையில் தன் முகத்தையும் பக்கத்து வீட்டுக்காரர் முகத்தையும் பார்க்கக் கூட்டம் காசு கொடுத்து வரும். எத்தனை முகம் விழுகிறதோ அத்தனைக்கு வசூல். ஆலை வாசலில் எடுத்த படங்கள் சிலவற்றில், படம் ஓட்டுபவரே சட்டகத்துக்குள் வந்து ஆட்களை முன்னால் வரச்சொல்லிக் கையசைப்பதைப் பார்க்கலாம்.

இதற்கு முந்தைய ஓர் ஊர்வலத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள். 1897 ஜூன் 22 அன்று லண்டனில் விக்டோரியா அரசியின் வைர விழா. பல கம்பெனிகள் வழிநெடுகக் கேமராவோடு காத்திருந்தன. அந்தப் படங்களில் குதிரைப்படை வருகிறது, சாரட் வண்டி வருகிறது, குடைக்குக் கீழே அரசி, அவ்வளவுதான். மணிக்கணக்காகக் காத்துநின்ற ஜனங்கள் வெறும் ஓரம். நான்கே வருடம் கழித்து மான்செஸ்டரில் அதே ஜனங்கள்தான் படமே. எனக்கு இதுதான் பெரிய விஷயமாகப் படுகிறது. வெள்ளை உடுப்புப் போட்ட சிறுமிகளையும் தொப்பியைக் கழற்றி ஆட்டும் ஆட்களையும் அவர்கள் விரும்பியபடியே இந்தப் படங்கள் காட்டுகின்றன. ஒளிந்திருந்து எடுத்திருந்தால் அந்தச் சிரிப்பு கிடைத்திருக்காது.

சரி, அந்தக் குடுகுடு ஓட்டம். கையால் சுற்றிய கேமரா வினாடிக்கு 16 சட்டகம் (ஃபிரேம்) அளவில்தான் எடுக்கும். அதை 24-ல் ஓட்டினால் யாராக இருந்தாலும் ஓடத்தான் செய்வார்கள். 1994-ல் பிளாக்பர்னில் ஒரு கடையின் நிலவறையில், பீப்பாய்களுக்குள் இவர்கள் எடுத்த படங்களின் 800-க்கும் மேற்பட்ட நெகட்டிவ் சுருள்கள் கிடைத்தன. பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் அவற்றை மீட்டு, சரியான வேகத்தில் ஓடும்படி எடுத்த பிரதிகளைத் தேடிப் பாருங்கள், நடை நடையாகவே இருக்கும். பிரெஸ்டன் ஊரின் அவென்ஹம் பூங்காவில் ஈஸ்டர் திங்களன்று பிள்ளைகள் முட்டை உருட்டும் படத்தை முதலில் பார்த்துவிடுங்கள். ஊர்வலங்கள் அப்புறம்.