நடிக்க விரும்பும் மகளின் தாய்க்கு: மார்கரெட் ரதர்ஃபோர்டை முன்வைத்துச் சில ஆலோசனைகள்

மதிப்புக்குரிய அம்மாவுக்கு,

உங்கள் மகள் ஏ-லெவல் என்னும் பள்ளி இறுதித் தேர்வுகளை முடித்தபின் லண்டன் நாடகப் பள்ளிகளில் நடிப்புப் பட்டப்படிப்புக்கு விண்ணப்பிக்க விரும்புகிறாள் என்றும், அவள் கதாநாயகி வேடங்களைவிடக் குணச்சித்திர வேடங்களுக்கே பொருந்துவாள் என்று நாடக ஆசிரியர் சொன்னது உங்களைக் கலங்கவைத்துவிட்டது என்றும் எழுதியிருக்கிறீர்கள். ஆசிரியர் சொன்னதை நான் ஒரு குறையாக எடுத்துக்கொள்ளவில்லை. கதாநாயகிக்கு வேடங்கள் குறையத் தொடங்கும் வயதில்தான் குணச்சித்திர நடிகைக்கு நல்ல வேடங்கள் வரத் தொடங்குகின்றன. ஆயினும் அந்த வயதுவரை அவள் எதைக்கொண்டு வாழ்வாள் என்ற உங்கள் கேள்வி நியாயமானது. அதற்கு ஆறுதல் வார்த்தைகளால் பதில் சொல்லிவிட முடியாது. ஆகவே இந்த இங்கிலாந்து நாட்டின் குணச்சித்திர நடிகை ஒருவருடைய வாழ்க்கையைச் சற்று விரிவாகச் சொல்கிறேன்.

மார்கரெட் ரதர்ஃபோர்ட் 1892ஆம் ஆண்டு மே 11 அன்று தெற்கு லண்டனிலுள்ள பால்ஹமில் பிறந்தார். அவர் பிறப்பதற்கு முன்பே, மனநோய்க்கு ஆளாகியிருந்த தந்தை தம் சொந்தத் தகப்பனாரைக் கொன்று, மனநோய்க் காப்பகத்தில் அடைக்கப்பட்டு, பின்னர் விடுவிக்கப்பட்டிருந்தார். புதிதாக வாழ்வைத் தொடங்க எண்ணிய பெற்றோர் கைக்குழந்தையுடன் இந்தியாவுக்குக் கப்பலேறினார்கள். நம் சென்னையில்தான் அந்தக் குழந்தையின் முதல் ஆண்டுகள் கழிந்தன. அங்கே தாய் தற்கொலை செய்துகொள்ளவே, மூன்று வயதுச் சிறுமி விம்பிள்டனில் இருந்த தன் சித்தி பெஸ்ஸி நிக்கல்சனிடம் அனுப்பப்பட்டாள். மணமாகாத அந்தப் பெண்மணிதான் அவளைத் தம் மகளாகவே வளர்த்தார்.

மேடையின்மீது ஆசை இளமையிலேயே இருந்தும், மார்கரெட் முதலில் கற்றது பியானோ. ராயல் அகாடமி ஆஃப் மியூசிக் வழங்கும் இசையாசிரியர் தகுதியைப் பெற்று, சைக்கிளில் மாணவர்களின் வீடுகளுக்குச் சென்று பியானோ சொல்லிக்கொடுத்தார். பேச்சுப் பயிற்சியும் அளித்தார். இருபதுகள் முழுவதும் அவ்வாறே கழிந்தன. சித்தி மறைந்தபோது விட்டுச்சென்ற சிறு சொத்தின் பலத்தில், 1925இல், தமது 33ஆம் வயதில், லிலியன் பேலிஸ் நடத்திவந்த ஓல்ட் விக் அரங்கில் பயிற்சி நடிகையாகச் சேர்ந்தார். அந்தப் பணம் இல்லாதிருந்தால் அவர் அங்கே போயிருக்க முடியுமா என்பது எனக்கு ஐயமே. கலைஞர்களின் வரலாற்றைச் சொல்பவர்கள் பணம் எங்கிருந்து வந்தது என்பதை விட்டுவிடுவது வழக்கம். ஒரு பெற்றோருக்கு நான் அதை மறைக்கக் கூடாது.

அந்த நாடகப் பருவம் முடிந்ததும் ஓல்ட் விக் அவரைத் தொடர்ந்து வைத்துக்கொள்ளவில்லை. அவர் மீண்டும் விம்பிள்டனுக்குத் திரும்பிப் பியானோ வகுப்புகளை நடத்தினார். இந்த இடத்தை நீங்கள் நின்று கவனிக்க வேண்டும் என்று விரும்புகிறேன். கையில் வேறு தொழில் இல்லாதவருக்கு இத்தகைய நிராகரிப்பு மேடையைவிட்டே போகவேண்டிய நிலையை உண்டாக்கியிருக்கும். பியானோ இருந்ததால் அவர் காத்திருக்க முடிந்தது. 1928 முதல் ஃபுல்ஹம், கிராய்டன், எப்சம், ஆக்ஸ்ஃபர்ட் என்று ரெப்பர்ட்டரி குழுக்களில் உழைத்தார். அக்குழுக்களில் இரவில் ஒரு நாடகம் நடந்துகொண்டிருக்கும்போதே பகலில் அடுத்த நாடகத்துக்கு ஒத்திகை நடக்கும். இந்த வாரம் சமையற்காரியாக வந்தவர் அடுத்த வாரம் சீமாட்டியாகவும் அதற்கடுத்த வாரம் பள்ளி ஆசிரியையாகவும் வருவார். எந்த மனிதரையும் சில நாட்களுக்குள் உருவாக்கிக்காட்டும் திறன் அவருக்கு அங்கேதான் கைவந்தது.

1938இல் ஜான் கீல்குட் இயக்கிய ஸ்பிரிங் மீட்டிங் நாடகம் லண்டனில் அவரைப் பெயர் பெறச் செய்தபோது அவருக்கு வயது 46. அதன்பின் வாய்ப்புகள் அடுத்தடுத்து வந்தன: 1939இல் ஆஸ்கார் வைல்டின் நாடகத்தில் மிஸ் பிரிஸம், 1941இல் நோயல் கவர்டின் பிளைத் ஸ்பிரிட் நாடகத்தில் ஆவிகளோடு பேசும் மேடம் ஆர்காட்டி. ஆர்காட்டியை ஏமாற்றுக்காரியாகக் காட்டிச் சுலபமாகச் சிரிப்பு வாங்கியிருக்கலாம். ரதர்ஃபோர்டோ தம் தொழிலில் முழு நம்பிக்கையும் உற்சாகமும் கொண்ட ஒரு பெண்ணாக அவரை நடித்தார், பார்ப்பவர்களுக்கு அதனாலேயே சிரிப்பு பெருகியது. 1945இல் டேவிட் லீன் எடுத்த திரைப்படத்தில் அதை இன்றும் காணலாம். மகளும் நீங்களும் சேர்ந்து பாருங்கள். 1961 முதல் 1964 வரை நான்கு படங்களில் அகதா கிறிஸ்டியின் துப்பறியும் மூதாட்டி மிஸ் மார்ப்பிளாக நடித்தபோது அவர் எழுபதை ஒட்டியிருந்தார். 1964இல் துணை நடிகைக்கான ஆஸ்கார் விருதும் 1967இல் பெண்களுக்கான பிரிட்டிஷ் அரச கௌரவமான டேம் பட்டமும் கிடைத்தன. 1972இல், எண்பதாம் வயதில் காலமானார்.

இந்த வாழ்க்கையை அப்படியே உங்கள் மகளுக்குப் பொருத்திவிட முடியாது. அவரை வளர்த்த வாராந்தர ரெப்பர்ட்டரி முறை இன்று ஏறக்குறைய மறைந்துவிட்டது. வெற்றியின் நடுவிலும் அவரை மனச்சோர்வு பலமுறை பீடித்தது; சிகிச்சைக்காக மருத்துவமனையில் தங்க நேர்ந்தது. நிராகரிப்பு அன்றாட நிகழ்வாக இருக்கும் தொழில் இது என்பதால், மகளின் மனநலத்தைப் பற்றியும் அவளோடு வெளிப்படையாகப் பேசுங்கள்.

இனி செய்யவேண்டியவை. மகள் பியானோவில் உச்ச நிலையான எட்டாம் கிரேடு வரை தேறியபின் நடிப்புக்காக அதைக் கைவிட்டுவிட்டாள் என்று எழுதியிருக்கிறீர்கள். அவள் அதைத் தொடர வேண்டும். இயன்றால் இசை கற்பிக்கும் டிப்ளமோவையும் முடிக்க வேண்டும். நேரத்தை ஓரளவு தானே அமைத்துக்கொள்ளக்கூடிய, ஆடிஷன் அழைப்பு வந்தால் வகுப்பைத் தள்ளிவைக்கக்கூடிய தொழில் ஒரு நடிகைக்குப் பெரும் பாதுகாப்பு. நீங்கள் விரும்பும் கணக்கியல் பட்டத்தை அவள்மீது சுமத்துவதைவிட இது பொருத்தமானது என்றே கருதுகிறேன்.

நாடகப் பள்ளிகளில் இடம் கிடைப்பது மிகக் கடினம். முதல் ஆண்டில் கிடைக்காமல் மறுபடி முயல்பவர்கள் பலர். லாம்டா என்னும் லண்டன் நாடகப் பள்ளி நடத்தும் பேச்சு, நடிப்புத் தேர்வுகளில் ஆறு முதல் எட்டு வரையிலான கிரேடுகளுக்குப் பல்கலைக்கழகச் சேர்க்கைப் புள்ளிகள் உண்டு என்பதால் அவை வேறு படிப்புக்கும் உதவும். அவள் முதலில் இசையோ இலக்கியமோ படித்துவிட்டு, பட்டதாரிகளுக்கான நடிப்புப் படிப்பில் பின்னர் சேர்வதும் நல்ல வழியே. 33 வயதில் தொடங்கியவரின் கதையைப் படித்தபின் 22 வயதைத் தாமதம் என்று நீங்கள் சொல்லமாட்டீர்கள். பதிவுக்கட்டணம் என்று முன்பணம் கேட்கும் முகவர் எவரிடமும் போகவேண்டாம். முறையான முகவர் வாங்கித்தந்த வேலையின் ஊதியத்திலிருந்தே தம் பங்கை எடுத்துக்கொள்வார்.

ஆடிஷனுக்கு அவள் ஒரு வயதான சீமாட்டியின் உரையைத் தயாரித்துவருவதாக எழுதியிருந்தீர்கள். குணச்சித்திர வேடம் என்றால் முதியவர் வேடம் என்று அவள் எண்ணியிருக்கக்கூடும். தேர்வாளர்கள் பொதுவாக மாணவியின் வயதுக்கு நெருக்கமான பாத்திரத்தையே பார்க்க விரும்புவார்கள். ஷேக்ஸ்பியரிலிருந்து ஒரு இளம்பெண்ணின் உரையையும், இக்கால நாடகத்திலிருந்து இன்னொன்றையும் அவளே தேர்ந்தெடுத்துக்கொண்டு அடுத்த சந்திப்புக்கு வரட்டும். நீங்களும் உடன் வந்து, அவள் பேசுவதை முதலிலிருந்து இறுதிவரை கேளுங்கள்.