சத்யஜித் ராயின் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா பெயரோடு சேர்த்துச் சொல்லப்படும் 'பவுன்ஸ் லைட்டிங்' என்றால் என்ன?

விளக்கை நடிகர் மேல் நேராக அடிக்காமல், ஒரு வெள்ளைப் பரப்பில் அடித்து, அங்கிருந்து திரும்பி வரும் ஒளியில் படமெடுப்பதுதான்.

கரண்ட் போன இரவில் போன் டார்ச்சை முகத்துக்கு நேரே பிடித்தால் கண் கூசும், பின்சுவரில் கரிய நிழல் விழும். அதையே விட்டத்தை நோக்கித் திருப்பினால் அறை முழுக்க மெல்லிய வெளிச்சம். பெரிய பரப்பிலிருந்து பல திசையில் வரும் ஒளிக்கு நிழல் விளிம்பு மங்கிவிடும்.

ராயின் 'அபராஜிதோ' படத்துக்காக (1956) காசி வீட்டின் முற்றத்தைக் கல்கத்தா ஸ்டுடியோவில் செட் போட்டார்கள். முற்றத்தில் வானத்து வெளிச்சம்தானே விழும்? மித்ரா மேலே வெள்ளைத் துணி கட்டி, கீழிருந்து விளக்கடித்தார். ராயோடு செய்த முந்தைய படமான 'பதேர் பாஞ்சாலி'க்கு முன் அவர் சினிமா கேமராவை இயக்கியதே இல்லை!

மென்மையான ஒளி என்பதால் குறைந்த விளக்கு போதும் என்று நினைக்காதீர்கள். திரும்பும்போது ஒளி நிறைய வீணாகும், அதனால் கூடுதலாகத்தான் வேண்டும்.